திரைச்சீலைக்கு வெளியே தெரியும் கால்கள்

அன்புள்ள ஐயா,

என் மகனுக்கு மூன்றரை வயது. கண்ணாமூச்சி விளையாடும்போது திரைச்சீலைக்குப் பின்னால் கண்களை இறுக மூடிக்கொண்டு நிற்பான். கால்கள் வெளியே தெரியும். “கால் தெரியுதுடா, ஒழுங்கா ஒளிஞ்சுக்கோ” என்று சென்ற வாரம் சொன்னதற்கு அழுது புரண்டான். இரண்டு நாள் விளையாட வரவில்லை. நான் ஒளிய வேண்டிய இடத்தையும் அவனே சொல்லிவிட்டு, அங்கேயே வந்து ‘கண்டுபிடித்து’க் குதிக்கிறான். ஒளிவது என்றால் என்னவென்றே அவனுக்குப் புரியவில்லையா?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

பூனை கண்ணை மூடிக்கொண்டால் பூலோகம் இருண்டுவிடுமா என்று கேட்டுச் சிரிக்கப் பழகிய நாம், குழந்தையும் அந்தப் பூனையைப் போலத்தான் நினைக்கிறது என்று எளிதாக முடிவு கட்டிவிடுகிறோம். நானும் என் மகளிடம் அப்படித்தான் சிரித்து, அவளை அழவைத்திருக்கிறேன்.

ஆனால் 1980-இல் அமெரிக்க உளவியலாளர் ஜான் ஃபிளேவலும் அவருடைய குழுவினரும், கண்ணை மூடியிருந்த சிறு குழந்தைகளிடம் “உன் கை எனக்குத் தெரிகிறதா?” என்று கேட்டபோது தெரியும் என்றும், “நீ தெரிகிறாயா?” என்று கேட்டபோது இல்லை என்றும் பலர் விடையளித்தார்கள். பின்னாளில் ஹென்ரிக்கே மோல் நடத்திய ஆய்வில், எதிரே இருந்த பெரியவர் தம் கண்களைப் பொத்திக்கொண்டபோது, தங்கள் கண்கள் நன்றாகத் திறந்திருந்தும், அவரைப் பார்க்க முடியாது என்றே குழந்தைகள் சொன்னார்கள். ஆகவே, ஒருவரைப் பார்ப்பது என்பது அவர்களுக்கு இருவர் கண்ணும் சந்திப்பது. உங்கள் மகன் மறைத்து வைத்தது அந்தச் சந்திப்பைத்தான். கால் தெரிகிறது என்பது அவனுக்கும் தெரிந்திருக்கலாம். அவன் நியாயமாக ஆடிய ஆட்டத்தில் நீங்கள் நடுவே புகுந்து தோற்றாய் என்றீர்கள். அழாமல் என்ன செய்வான்?

இடத்தை முன்கூட்டியே சொல்லிவிடுவது வேறு விஷயம். தனக்குத் தெரிந்தது இன்னொருவருக்குத் தெரியாமல் இருக்கலாம் என்ற எண்ணம் பெரும்பாலும் நான்கு வயதையொட்டித்தான் உறுதிப்படுகிறது என்பதால், இரகசியத்தை இப்போதே எதிர்பார்க்க வேண்டாம். அவனுக்குக் கண்டுபிடிக்கும் கணம்தான் ஆட்டம். தேடலில் சுவை காண்பவர் நீங்கள்.

இன்று மாலை அவன் கால்களைப் பார்த்தும் பாராதவராக, “கட்டிலுக்கு அடியில் இல்லையே, கதவுக்குப் பின்னாலும் இல்லையே” என்று உரக்கச் சொல்லிக்கொண்டே தேடுங்கள். திரைச்சீலை சிரிப்பில் குலுங்கத் தொடங்கும்வரை தேடினால் போதும். அதற்குமேல் நீட்டினால், அப்பா நிஜமாகவே தன்னைத் தொலைத்துவிட்டார் என்று பயந்துவிடுவான்.