விண்டோஸ் 7 ஸ்டார்ட்டர், ஹோம் பேசிக்: பூட்டிய அலங்காரங்கள் – கேள்வி பதில்

என் நெட்புக்கில் விண்டோஸ் 7 ஸ்டார்ட்டர் இருக்கிறது. வால்பேப்பர் மாற்றும் வசதியையே காணவில்லை. ஏதாவது பழுதா, ஐயா?

பழுதில்லை. மலிவு நெட்புக்குகளுக்காக 2009இல் வந்த பதிப்பு அது. 32 பிட் மட்டும். நினைவகம் 2 ஜிபிக்கு மேல் ஏற்காது. ஒரே நேரத்தில் மூன்று நிரல்கள்தான் என்று பழைய விண்டோஸ் எக்ஸ்பியின் ஸ்டார்ட்டர் பதிப்பில் இருந்த கட்டுப்பாட்டை இதற்கும் வைக்க நினைத்து, வெளியீட்டுக்கு முன்பே கைவிட்டார்கள். அதை விட்டுக்கொடுத்தவர்கள் வால்பேப்பரை மட்டும் விடவில்லை. விசித்திரமான கஞ்சத்தனம்!

மாற்ற வழியே இல்லையா?

உண்டு. விண்டோஸ் கோப்புறைக்குள் 'வெப்', அதற்குள் 'வால்பேப்பர்', அதற்குள் 'விண்டோஸ்' என்று போனால் இயல்புப் படம் இருக்கும். அதன் உரிமையை உங்கள் கணக்குக்கு மாற்றி, பிரதி எடுத்து வைத்துக்கொண்டு, உங்கள் படத்தை அதே பெயரில் வையுங்கள். பிறகு வெளியேறி மீண்டும் நுழையுங்கள். இதையே செய்து தரும் சிறு நிரல்களும் உண்டு. எங்கிருந்து வந்தவை என்று தெரியாதவற்றைத் தொடாதீர்கள்.

என்னுடையது ஹோம் பேசிக். வால்பேப்பர் மாறுகிறது, கண்ணாடி போன்ற சாளர ஓரங்கள் மட்டும் வரவில்லை. கிராபிக்ஸ் போதாதா?

பெரும்பாலும் போதும். 'ஏரோ' எனப்படும் அந்தக் கண்ணாடித் தோற்றத்துக்கு டைரக்ட்எக்ஸ் 9 கிராபிக்ஸும், 128 எம்பி கிராபிக்ஸ் நினைவகமும், விண்டோஸ் 7க்கு முந்தைய விஸ்டா காலத்து டிரைவரும் (கிராபிக்ஸை இயக்கும் மென்பொருள்) இருந்தால் சரி. அதே கணினியில் ஹோம் பிரீமியம் போட்டால் கண்ணாடி வந்துவிடும். வேலி வன்பொருளில் இல்லை, விலைப்பட்டியலில் இருக்கிறது. இந்தியா போன்ற சந்தைகளுக்கென்றே விற்ற பதிப்பு ஹோம் பேசிக். 'எனிடைம் அப்கிரேட்' மூலம் சாவி வாங்கி மேலே போவதுதான் அன்றைய நேர்வழி. கணினிக் கோப்புகளையே மாற்றும் 'பேட்ச்'களை நான் பரிந்துரைக்க மாட்டேன். ஒன்று பிசகினால் கணினி துவங்காமலே போகலாம்.

உள்நுழைவுத் திரையின் படத்தையாவது மாற்றலாமா?

தாராளமாக. கணினி தயாரிப்பாளர்கள் தங்கள் படத்தைப் போட்டுக்கொள்ள மைக்ரோசாஃப்ட்டே திறந்துவைத்த வாசல் அது. ரெஜிஸ்ட்ரியில் (விண்டோஸ் தன் அமைப்புகளைக் குறித்து வைக்கும் பதிவேடு) 'ஓஇஎம் பேக்கிரவுண்ட்' மதிப்பை 1 ஆக்கி, படத்தை அதற்குரிய கோப்புறையில் வைக்க வேண்டும். படம் 256 கேபிக்குள் இருக்கட்டும். மீறினால் வழக்கமான நீலப் பின்னணியே வரும். பலர் தடுக்கி விழுவது இந்த இடத்தில்தான்.

இதிலேயே வங்கிக் கணக்கும் பார்க்கலாமா?

வேண்டாம். விண்டோஸ் 7க்கான பொது ஆதரவு, அதாவது பாதுகாப்புத் திருத்தங்கள் எல்லாருக்கும் வருவது, 2020 ஜனவரி 14இல் முடிந்துவிட்டது. பாட்டுக் கேளுங்கள், தட்டச்சுக்கு வைத்துக்கொள்ளுங்கள். கடவுச்சொற்களை அதில் இடாதீர்கள்.