கையெழுத்துப் போட்டவர்

அன்புள்ள ஐயா,

போன வாரம் 'சினிமா பாரடைஸோ' என்ற இத்தாலியப் படம் பார்த்தேன். அதில் வளர்ந்த நாயகன் சல்வதோராக வரும் பிரெஞ்சு நடிகர் ஜாக் பெரின் பற்றித் தேடினால், தயாரிப்பாளராகத்தான் அதிகம் பேசுகிறார்கள். வெனிஸ் விழாவில் விருது வாங்கிய நடிகர், படங்களுக்குக் காசு போடப் போய் வீணாகிவிட்டாரே! அவர் நடித்ததில் எதை முதலில் பார்க்கலாம்?

பிரபு

அன்புள்ள பிரபு,

சில நாட்களாக நானும் அந்த முகத்தைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். இருட்டில் தனியாக உட்கார்ந்து, பழைய படங்களிலிருந்து பாதிரியார் வெட்டச் சொன்ன முத்தக் காட்சிகளையெல்லாம் பார்க்கிறார். வசனமே கிடையாது. உதடு சிரிக்கிறது, கண் நிறைகிறது.

வெனிஸ் விருது 1966இல். சரி, அது இருக்கட்டும். 'வீணாகிவிட்டார்' என்று எழுதினீர்களே, அதை விட மாட்டேன். தயாரிப்பு என்றால் காசு போடுவது என்று யார் உங்களுக்குச் சொன்னது? இயக்குநர் காஸ்டா கவ்ராஸின் 'இசட்' படத்துக்குப் பிரான்சில் பணம் புரளவில்லை. அரசியல் கொலையைப் பற்றிய கதை. பெரினுக்கு அப்போது 27 வயது. கையில் காசு ஏது? அல்ஜீரியாவின் துணையைத் தேடிப் பிடித்தார். அல்ஜியர்ஸில் படம்பிடித்தார்கள். 1969இல் வெளிவந்து, அல்ஜீரியாவின் பெயரில் ஆஸ்கர் வாங்கியது.

தயாரிப்பாளர் என்பவர் ஜாமீன் கையெழுத்துப் போடுகிறவர். என் சித்தப்பா அப்படி ஒரு நண்பருக்குப் போட்டார். நண்பர் நொடித்துப்போனார். மாதா மாதம் சம்பளக் கவரைப் பிரித்ததும் முதலில் கடன் பணத்தை எண்ணி, ரப்பர் பேண்டு போட்டு அலமாரி மேல்தட்டில் வைப்பார். 9 வருஷம். "நம்பித்தானே போட்டேன்" என்பதற்கு மேல் ஒரு வார்த்தை பேசியதில்லை. வீட்டில் எல்லோரும் அவரை ஏமாளி என்றார்கள். நானும் சொன்னேன், அவர் காதில் விழும்படி. இன்றும் அது உறுத்துகிறது. உங்கள் கடிதத்தைப் படித்ததும் கோபம் வந்தது அதனால்தான்.

பெரினும் அப்படித்தான். அவர் தயாரித்த, இயக்குநர் சுர்லினியின் 'தார்த்தாரியர்களின் பாலைவனம்' (1976) படத்தை ஈரானின் பாம் கோட்டைக்குக் கொண்டுபோய் எடுத்தார்கள். அந்தப் படத்தால் வந்த கடனைப் பெரின் பல ஆண்டுகள் அடைத்தார். 2003 நிலநடுக்கத்தில் அந்த மண்கோட்டை இடிந்தது. அது முழுசாக நின்ற கோலம் இன்று அந்தப் படத்தில் இருக்கிறது. அதற்கு அப்புறமும் அவர் ஓயவில்லை. பறவைகளின் வலசை பற்றி 2001இல் ஒரு படம். முட்டையிலிருந்தே மனிதக் குரலுக்கும் எந்திரச் சத்தத்துக்கும் பழக்கி வளர்த்த வாத்துகள், சிறு விமானத்தை ஒட்டியே பறக்கின்றன. இறகு காற்றில் விரிவது கைக்கெட்டும் தூரத்தில் தெரியும்.

நீங்கள் கேட்டதை மறந்துவிட்டேன் பாருங்கள். 'இசட்' பாருங்கள். பத்திரிகையாளராக அவரே நடித்திருக்கிறார். கடைசியில் அவர் தொலைக்காட்சியில் செய்தி சொல்லிக்கொண்டிருக்கும்போதே ஆள் மாறிவிடும். ஒரு பெண் வந்து அவருக்குச் சிறைத்தண்டனை என்று வாசிப்பாள். பார்த்துவிட்டு எழுதுங்கள். அந்தக் கடிதத்தில் 'வீண்' என்ற சொல் வரக்கூடாது.