ஓய்வுக்கு இரண்டு மணி நேரம்

கேள்வி: ஜப்பானில் மணிக்கணக்கில் அறை தரும் 'லவ் ஹோட்டல்'களைப் பற்றிப் படித்தேன். முன்பின் அறியாதவர்கள்கூட அங்கே சந்தித்துப் பிரிகிறார்களாமே? அந்தக் கொஞ்ச நேர நெருக்கம் ஒருவருடைய தனிமையைத் தீர்க்குமா?

பதில்: தீர்க்காது என்றே நினைக்கிறேன். ஆனால் அங்கே போகிறவர்கள் எல்லோரும் அந்நியர்கள் அல்லர். போருக்குப் பிந்தைய ஆண்டுகளில், ஒலி கசியும் சுவர்களுக்கு நடுவே பெற்றோரோடும் பிள்ளைகளோடும் நெருக்கியடித்து வாழ்ந்த தம்பதியரும் இத்தகைய விடுதிகளை நாடினார்கள். டோக்கியோவில் 1973இல் கோட்டை வடிவில் எழுந்த 'மெகுரோ எம்பரர்' போன்றவை பிறகு வந்த ஆடம்பரங்கள்.

டோக்கியோவின் ஷிபுயா வட்டாரத்தில் உள்ள தோகென்சாகா பகுதியில் இந்த விடுதிகள் நெருக்கமாக இருக்கின்றன. பல விடுதிகளில் வரவேற்பாளரின் முகத்தைப் பார்க்க வேண்டியதே இல்லை. சுவரில் அறைகளின் படங்கள் இருக்கும், விளக்கு எரியும் படம் காலியான அறை, பொத்தானை அழுத்தினால் போதும். இரண்டு மூன்று மணி நேரம் என்றால் 'ஓய்வு', இரவு முழுவதும் என்றால் 'தங்கல்'. பணத்தை இயந்திரத்திலோ, கை மட்டும் தெரியும் சிறு சன்னலிலோ செலுத்தலாம். வண்டியின் எண் பலகையை மறைக்கத் தட்டி வைத்திருக்கும் இடங்களும் உண்டு.

இப்படி யார் கண்ணிலும் படாமல் வந்துபோக எல்லா ஏற்பாடும் உள்ள அறையில், பல விடுதிகள் ஒரு குறிப்பேட்டையும் வைத்திருந்தன. அடுத்து வரப்போகும் முகம் தெரியாத ஒருவர் படிக்கட்டும் என்று, வெளியே யாரிடமும் சொல்ல முடியாத உறவைப் பற்றி விருந்தினர்கள் அதில் எழுதினார்கள். என்னை மிகவும் நெகிழ வைப்பது இந்த ஏடுதான். உடல் நெருக்கம் கிடைத்த பிறகும், தன்னை அறிந்த ஒருவர் வேண்டும் என்ற ஏக்கம் மிஞ்சியதால்தானே அவர்கள் பேனாவை எடுத்தார்கள்?

ஆகவே அந்த நெருக்கத்தைப் பொய் என்று நான் ஒதுக்கமாட்டேன். தனிமை அந்த அறையில் பிறப்பதில்லை. அவர்கள் திரும்பிப் போகும் வீட்டில் இருக்கிறது. 2020 கணக்கெடுப்பின்படி ஜப்பானில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேற்பட்ட குடும்பங்கள் ஒருவர் மட்டுமே வாழ்பவை. 2021இல் தனிமைக்கென்றே ஓர் அமைச்சர் பொறுப்பேற்றார். 2024 ஏப்ரலில் அதற்கான சட்டமும் நடைமுறைக்கு வந்தது.

இந்தக் கொஞ்ச நேரமும் கிடைக்காதவர்கள் உண்டு. ஒரே பாலின இணையரை வாசலிலேயே திருப்பி அனுப்பிய விடுதிகள் இருந்தன. அப்படி மறுக்கலாகாது என்று 2018இல் அரசு தன் வழிகாட்டு நெறிகளில் சேர்த்தது. அதன் பிறகும் புகார்கள் வந்தன.