‘சார்ஜ்’ என்ற ஒரு சொல்: கேள்வியும் பதிலும்

கடலூரிலும் புதுச்சேரியிலும் நீதிமன்ற, அலுவலக ஆவணங்களை ஆங்கிலத்திலிருந்து தமிழாக்குவதையே நெடுங்காலம் தொழிலாகக் கொண்டிருந்தவன் என்ற முறையில், ‘சார்ஜ்’ என்ற சொல்லைப் பற்றி அன்பர்கள் அனுப்பும் கேள்விகளுக்கு விடையளிக்க ஒப்புக்கொண்டேன். நிபந்தனை ஒன்றுதான்: சொல்லைத் தனியே பிய்த்து அனுப்பாமல், அது இடம்பெற்ற வாக்கியத்தோடு அனுப்ப வேண்டும்.

நெல்லிக்குப்பத்திலிருந்து ஒரு கல்லூரி மாணவி: ஐயா, அகராதியில் இந்தச் சொல்லுக்குக் கட்டணம், குற்றச்சாட்டு, பொறுப்பு, தாக்குதல், மின்னூட்டம் என்று வரிசையாகப் போட்டிருக்கிறார்கள். ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத இத்தனை பொருள் எப்படி வந்தது? எதை முதலில் மனப்பாடம் செய்வது?

எதையும் மனப்பாடம் செய்ய வேண்டாம், அம்மா. உங்கள் ஊர் சர்க்கரை ஆலைக்குக் கரும்பு ஏற்றிப் போகும் மாட்டுவண்டியை நினைத்துக்கொண்டால் போதும். பின்பாரம் மிகுந்தால் வண்டியின் முன்முனையான மூக்கணை மேலே தூக்கிக்கொள்ளும், முன்பாரம் மிகுந்தால் மாட்டின் கழுத்து தாழ்ந்துவிடும் என்பதால், கட்டுகளை இடம் பார்த்து அடுக்குவார்கள் அல்லவா? ‘சார்ஜ்’ என்ற சொல் பிறந்த இடம் அந்த வண்டிதான். இன்றைய பிரான்சுப் பகுதியான பழைய ‘கால்’ நாட்டு மக்கள் வண்டிக்கு வழங்கிய பெயரை ரோமானியர் எடுத்து ‘கார்ருஸ்’ என்றார்கள். வண்டியில் சுமை ஏற்றுவது பிற்கால லத்தீனில் ‘கர்ரிகாரே’ ஆயிற்று. அது பிரெஞ்சில் உருமாறி, 1066இல் நார்மானியர் இங்கிலாந்தை வென்ற பிறகு ஆங்கிலத்துக்குள் நுழைந்தது. அங்கும் அதன் முதற்பொருள் சுமை என்பதே. நாம் ஓட்டும் காரும், கப்பலில் ஏறும் கார்கோவும், தூக்கிச் செல்லுதலைக் குறிக்கும் ‘கேரி’யும், ஒருவர் மூக்கை மிகைப்படுத்தி வரையும் கேரிகேச்சரும் இதன் பங்காளிகளே. கேரிகேச்சர் இத்தாலியிலிருந்து வந்தது. அளவுக்கு மீறிப் பாரம் ஏற்றிய படம் என்று பொருள்.

இனி நீங்கள் சொன்னவற்றைப் பாருங்கள்; தாக்குதலுக்கு மட்டும் பின்னால் வருகிறேன். ஒருவர்மேல் காசைச் சுமத்தினால் கட்டணம், பழியைச் சுமத்தினால் குற்றச்சாட்டு, வேலையைச் சுமத்தினால் பொறுப்பு. பீரங்கிக்குள் மருந்தை ஏற்றுவதும் கம்பியில் மின்சாரத்தை ஏற்றுவதும் அப்படியே. இது ஆங்கிலத்துக்கு மட்டும் உரிய விந்தை அன்று. நாமும் வரியைச் சுமத்துகிறோம், குற்றம் சுமத்துகிறோம், ஒருவர் தலையில் பொறுப்பைச் சுமத்திவிட்டு ஊருக்குப் போகிறோம். சுமப்பவரின் பக்கமிருந்து சொல்லும்போது மட்டும் நாம் சொல்லை மாற்றிக்கொள்கிறோம். பொறை என்றால் பாரம். பொறுப்பு என்பது பொறுத்தல், அதாவது தாங்குதல். ஆங்கிலம் சுமத்துபவருக்கும் தாங்குபவருக்கும் ஒரே சொல்லை வைத்திருப்பதால்தான் நம்மவர்களுக்குக் குழப்பம் வருகிறது. ஆகவே வாக்கியத்தைப் பார்த்தவுடன், யார், எதை, யார்மேல் ஏற்றுகிறார்கள் என்று கேளுங்கள்.

பண்ருட்டியிலிருந்து ஒருவர்: ‘பஸ் சார்ஜ்’ என்பது சரியான ஆங்கிலமா?

ஆங்கிலத்தில் பயணத்துக்குக் கொடுப்பது ‘ஃபேர்’, மருத்துவருக்கும் வழக்கறிஞருக்கும் கொடுப்பது ‘ஃபீ’, வங்கியோ மின்வாரியமோ பிடித்துக்கொள்வது ‘சார்ஜ்’. ‘பஸ் சார்ஜ்’ தமிழ்நாட்டு வழக்கு; தமிழில் பேசும்போது குற்றமில்லை, ஆங்கில விண்ணப்பத்தில் எழுதாதீர்கள்.

கடலூர் நீதிமன்ற வளாகத்திலிருந்து ஓர் இளம் வழக்கறிஞர் குமாஸ்தா: ‘சார்ஜ் ஷீட்’, ‘சார்ஜ்’ இரண்டையும் குற்றப்பத்திரிகை என்றே மொழிபெயர்த்துக் கொடுத்தேன். மூத்த வழக்கறிஞர் தாளைத் திருப்பி என் மேசைமேல் போட்டுவிட்டார். எங்கே தவறினேன்?

அவர் போட்டது நியாயமே. காவல்துறை புலனாய்வை முடித்து நீதிமன்றத்தில் தாக்கல் செய்யும் இறுதி அறிக்கையைத்தான் பேச்சுவழக்கில் சார்ஜ் ஷீட் என்கிறோம், அது குற்றப்பத்திரிகை. முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 173ஆம் பிரிவில் இருந்தது, 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் 193ஆம் பிரிவுக்கு வந்திருக்கிறது. சார்ஜ் என்பதோ, அந்த ஆவணங்களைப் படித்த பிறகு, ‘இன்ன நாளில் இன்ன இடத்தில் இன்ன குற்றம் செய்தீர் என்று உம்மீது சாட்டப்படுகிறது’ என நீதிபதி எழுத்தில் வகுத்து, எதிரிக்கு, அதாவது குற்றம் சாட்டப்பட்டவருக்கு, படித்துக் காட்டுவது. நம் நீதிமன்றத் தமிழில் அதைக் குற்றச்சாட்டு வனைதல் என்பார்கள். குயவர் பானை வனைவதைப் போல, காவல்துறை கொண்டுவந்து கொட்டிய மண்ணிலிருந்து நீதிமன்றம் ஓர் உருவத்தை எடுக்கிறது. வழக்கு நடப்பது அந்த உருவத்தின்மீதுதான். நாளிதழ்களில்கூட ‘நீதிமன்றம் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்தது’ என்று எழுதிவிடுகிறார்கள். நீதிமன்றம் எங்கே போய்த் தாக்கல் செய்யும்?

இதோடு இன்னொன்றையும் குறித்துக்கொள்ளுங்கள். சுமையை இறக்குவது ‘டிஸ்சார்ஜ்’. குற்றச்சாட்டு வனையுமுன்பே, போதிய முகாந்திரம் இல்லை என்று எதிரியை அனுப்பிவிடுவது விடுவிப்பு. முழு விசாரணைக்குப் பிறகு குற்றம் நிரூபிக்கப்படவில்லை என்று அனுப்புவது விடுதலை. விடுவிக்கப்பட்டவர்மேல் புதிய சான்று கிடைத்தால் மறுபடி நடவடிக்கை எடுக்க இடமுண்டு. விடுதலையானவரை அதே குற்றத்துக்காக மீண்டும் விசாரிக்க இயலாது. ஒரு சொல் வேறுபாட்டில் ஒரு மனிதரின் நிம்மதி அடங்கியிருக்கிறது.

விருத்தாசலத்திலிருந்து ஒருவர்: எனக்கு 17-பி சார்ஜ் மெமோ (ஒழுங்கு நடவடிக்கைக் குறிப்பாணை) கொடுத்திருக்கிறார்கள். எப்படிப் பதில் எழுதுவது?

இது மொழிக் கேள்வி அன்று. பணி விதிகள் தெரிந்த வழக்கறிஞரிடம் இன்றே போங்கள்; பதிலுக்குக் கொடுத்த கெடுவைத் தவறவிடாதீர்கள். மொழியளவில் ஒன்று சொல்கிறேன்: கடலூர் அலுவலகங்களில் 17-பி என்று கிசுகிசுப்பதை, மத்திய அரசின் விதிகள் செல்லுபடியாகும் புதுச்சேரி அலுவலகங்களில் ரூல் 14 என்று கிசுகிசுப்பார்கள். பொருளும் வயிற்றுக் கலக்கமும் ஒன்றே.

திருப்பாதிரிப்புலியூரிலிருந்து ஒருவர்: செல்பேசிக்குச் சார்ஜ் போடுவதைத் தமிழில் எப்படிச் சொல்வது?

மின்னேற்றுதல். தமிழ்நாட்டு இயற்பியல் பாடநூல்கள் பொருளில் உள்ள மின்சுமையை மின்னூட்டம் என்கின்றன, இலங்கைப் பாடநூல்கள் ஏற்றம் என்கின்றன.

தேவனாம்பட்டினத்திலிருந்து ஒருவர்: ‘லத்தி சார்ஜ்’ என்பதில் சுமை எங்கே இருக்கிறது? தலையில் விழும் அடியைச் சுமை என்று சொல்லலாமா?

நகைச்சுவைக்குச் சொல்லலாம். இங்கே வருவது படை பாய்ந்து தாக்குதல் என்ற பொருள். கும்பலின்மீது காவலர்கள் ஒருசேரப் பாய்வதால் லத்தி சார்ஜ். தடியடி என்பது நல்ல தமிழ், அதுவே போதும்.

ஆனால் இந்தக் கேள்வி உங்கள் ஊரிலிருந்து வந்ததால் சற்று நீட்டுகிறேன். 1690இல் ஆங்கிலக் கம்பெனி தேவனாம்பட்டினத்துக் கோட்டையைச் செஞ்சி மராத்தியரிடம் விலைக்கு வாங்கியபோது, கோட்டையிலிருந்து சுடும் பீரங்கியின் குண்டு எவ்வளவு தொலைவில் விழுகிறதோ அதுவரையுள்ள நிலமும் கிராமங்களும் கம்பெனியைச் சேரும் என்று ஒப்பந்தம். குண்டு விழுந்த எல்லைக்குள் அடங்கிய ஊர்களுக்குக் குண்டு கிராமங்கள் என்றே பெயர் நிலைத்தது. இனிப் பீரங்கியின் உள்ளே பாருங்கள். வாய்வழியாக மருந்தைக் கொட்டி, கோலால் இடித்துக் கெட்டித்து, அதன்மேல் குண்டை உருட்டிவிடுவார்கள். அப்படிக் கெட்டித்த மருந்தின் அளவுக்கு ஆங்கிலத்தில் ‘சார்ஜ்’ என்று பெயர். ஒரு பிடி கூடினால் குண்டு இன்னும் ஒரு வயலைத் தாண்டும். ஊர்களை அளப்பதற்குச் சங்கிலி பிடிக்காமல் சார்ஜைப் பிடித்த கதை உங்கள் கடற்கரையில்தான் நடந்தது.

இன்னும் கேளுங்கள். 1740களின் பிற்பகுதியில், பிரெஞ்சு ஆளுநர் தூப்ளே புதுச்சேரியிலிருந்து படையனுப்பி அந்தக் கோட்டையைப் பிடிக்க முயன்று தோற்றுக்கொண்டிருந்த அதே ஆண்டுகளில், அமெரிக்காவில் பெஞ்சமின் ஃபிராங்க்ளின் கண்ணாடிக் குடுவைகளில் மின்சாரத்தைச் சேர்த்துவைத்துச் சோதனைகள் செய்துகொண்டிருந்தார். குடுவை நிரம்புவதற்கு அவர் சொன்னது ‘சார்ஜ்’, வெளியேறுவதற்கு ‘டிஸ்சார்ஜ்’, பல குடுவைகளை வரிசையாக இணைத்ததற்கு ‘பேட்டரி’. பேட்டரி என்றால் அதற்கு முன்பே பீரங்கி வரிசை என்று பொருள். நம் சட்டைப்பைக்குள் இருக்கும் செல்பேசி பேசுவது பீரங்கிப் படையின் மொழி.

நெய்வேலியிலிருந்து ஒருவர்: மொபைல் சார்ஜுக்குத் தமிழ்ச் சொல் என்ன?

மேலே திருப்பாதிரிப்புலியூர் அன்பருக்குச் சொல்லியிருக்கிறேன்.

வில்லியனூரிலிருந்து ஒரு தமிழார்வலர்: ஐயா, லத்தீன் வரைக்கும் போய் மூச்சு வாங்குகிறீர்கள். சுவாமிக்கு மாலை சார்த்துகிறோம். ஒன்றின்மேல் ஒன்றை வைப்பது சார்த்துதல். சார்த்து என்பதே சார்ஜ் ஆயிற்று என்பது கண்ணுக்குத் தெரியவில்லையா?

கண்ணுக்குத் தெரிகிறது, காதுக்கும் கேட்கிறது. அதனால்தான் ஐயப்பட வேண்டும். லத்தீனில் ‘க’ என்று ஒலித்த சொற்கள் பிரெஞ்சில் ஒரு கூட்டமாக மாறின. குதிரைக்கு ‘கபல்லுஸ்’ என்றது ‘ஷெவால்’ ஆயிற்று, பாடுதலுக்குக் ‘கந்தாரே’ என்றது ‘ஷான்தே’ ஆயிற்று, வயலுக்குக் ‘கம்புஸ்’ என்றது ‘ஷான்’ ஆயிற்று. ‘கர்ரிகாரே’ அந்தக் கூட்டத்தில் ஒன்று. எனவே சார்ஜின் தொடக்க ஒலி ‘சா’ அன்று, ‘கா’. காரிலும் கார்கோவிலும் பழைய ‘கா’ இன்னும் அழியாமல் நிற்கிறது. உங்கள் சார்த்து அந்தக் ‘கா’வை எங்கே வைத்துக்கொள்ளும்?

அவரே மீண்டும்: அப்படியானால் பிரெஞ்சுக்காரர் ‘ஷ’ என்கிறார், ஆங்கிலேயர் ‘ச’ என்கிறார். ஆங்கிலேயரின் ஒலி தமிழுக்கு நெருக்கமாக இருப்பது எப்படி?

நல்ல கேள்வி, முந்தையதைவிட நல்ல கேள்வி. ஆங்கிலேயர் கடன் வாங்கிய காலத்தில் பிரெஞ்சுக்காரரும் ‘ச்ச’ என்றுதான் அழுத்தி ஒலித்தார்கள். கொடுத்தவர் பின்னாளில் ‘ஷ’வுக்கு மாறிவிட்டார், வாங்கியவர் பழையதைக் காத்துவருகிறார். அதனால்தான் முன்பே போன ‘சீஃப்’, ‘சேர்’ முதலியவை ஆங்கிலத்தில் ‘ச’வோடும், பிந்திப் போன ‘ஷெஃப்’, ‘ஷாம்பெய்ன்’ முதலியவை ‘ஷ’வோடும் ஒலிக்கின்றன.

முதலியார்பேட்டையிலிருந்து வேறொருவர்: வில்லியனூர் நண்பர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. பொறுப்பேற்றார், மின்னேற்றினார் இரண்டிலும் வருவது ஏற்று என்ற ஒரே தமிழ்ச் சொல். தமிழில் எல்லாம் ஏற்கெனவே இருக்கிறது.

இரண்டும் ஒன்று அல்ல. பொறுப்பேற்றார் என்பதில் இருப்பது ஏல் என்ற வினை. ஏற்கிறார், ஏற்றார், ஏற்பார். மின்னேற்றினார் என்பதில் இருப்பது ஏறு என்பதன் பிறவினையான ஏற்று. ஏற்றுகிறார், ஏற்றினார், ஏற்றுவார். முன்னது கையை நீட்டி வாங்குவது, பின்னது தூக்கி மேலே வைப்பது. இதை மறந்துதான் அழைப்பிதழ்களில் ‘தலைமை ஏற்றினார்’ என்று அச்சடிக்கிறார்கள். இந்த வாதத்தை இத்தோடு நிறுத்திக்கொள்கிறேன். ஒலி ஒத்ததைப் பிடித்துக்கொண்டு உறவு கொண்டாடுவது தமிழுக்குச் செய்யும் தொண்டு அன்று என்பதை நான்கு முறை எழுதி, மூன்று முறை அழித்துவிட்டேன்.

சிதம்பரத்திலிருந்து ஓர் ஆசிரியை: ‘இன் சார்ஜ் ஆஃப்’, ‘இன் த சார்ஜ் ஆஃப்’ இரண்டும் ஒன்றா?

தலைகீழ். ‘செவிலியர் குழந்தைக்கு இன் சார்ஜ் ஆஃப்’ என்றால் பொறுப்பு செவிலியருடையது. ‘குழந்தை செவிலியரின் இன் த சார்ஜ் ஆஃப்’ என்றால் குழந்தை அவர் பொறுப்பில் இருக்கிறது. நடுவில் வரும் அந்தச் சிறு ‘த’வை விட்டுவிட்டால் குழந்தை செவிலியரைக் கவனித்துக்கொள்ளும். பள்ளிப் பலகையில் ‘தலைமையாசிரியர் (பொறுப்பு)’ என்று அடைப்புக்குறிக்குள் எழுதுவது, பதவி இல்லாமல் பாரம் மட்டும் உண்டு என்பதற்கு அடையாளம்.

குறிஞ்சிப்பாடியிலிருந்து ஒருவர்: டிஸ்சார்ஜ் என்றால் மருத்துவமனையிலிருந்து வீட்டுக்கு அனுப்புவதுதானே? பெஞ்சல் புயலின்போது செய்தியில் அணை டிஸ்சார்ஜ் என்றார்களே?

இறக்கிவிடுவது எதுவானாலும் டிஸ்சார்ஜ். 2024 டிசம்பர் தொடக்கத்தில் சாத்தனூர் அணையிலிருந்து நொடிக்கு 1.5 லட்சம் கன அடிக்கும் மேல் நீர் திறக்கப்பட்டது. அணை இறக்கிய சுமையைத் தென்பெண்ணைக் கரையில் இருந்த நாம் சுமந்தோம்.

மீண்டும் நெய்வேலி: பவர் பேங்கில் போடுவதும் மின்னேற்றமா?

ஆம். மேலே காண்க.

ஒரு வாசகர், ஊர் குறிப்பிடவில்லை: கரண்ட் பில்லில் ஃபிக்ஸட் சார்ஜ் அதிகமாக வந்திருக்கிறது.

மின்துறை அலுவலகம் காலையில் திறந்திருக்கும்.

புதுச்சேரி குருசுக்குப்பத்திலிருந்து ஒருவர்: எங்கள் தாத்தா பிரெஞ்சுப் படையில் சொல்தாவாக (படைவீரராக) இருந்தவர். பாட்டிக்கு வந்திருக்கும் ஓய்வூதியப் படிவத்தில் ‘ஆன்ஃபான் ஆ ஷார்ஜ்’ என்று ஒரு கட்டம் இருக்கிறது. ஆங்கிலம் தெரிந்த என் தம்பி, பிள்ளைகள்மேல் வழக்கு இருக்கிறதா என்று கேட்கிறார்கள் என்று சொல்லிவிட்டான். பாட்டி இரண்டு நாளாகச் சரியாகச் சாப்பிடவில்லை.

முதலில் பாட்டியைச் சாப்பிடச் சொல்லுங்கள். அது வழக்கு அன்று. ‘ஆ ஷார்ஜ்’ என்றால் ஒருவருடைய பராமரிப்பில் வாழ்பவர். அவர் வருமானத்தை நம்பியிருக்கும் பிள்ளைகள் எத்தனை பேர் என்பதே கேள்வி. பாட்டியின் பிள்ளைகள் எல்லோரும் வளர்ந்து சம்பாதிக்கிறார்கள் என்றால் சுழியம் போடுங்கள். பேரப்பிள்ளை யாரேனும் அவர் செலவில் வளர்ந்தால், அதற்குரிய சான்று என்ன என்று படிவம் கொடுத்த அலுவலகத்தில் கேட்டுவிட்டு நிரப்புங்கள்.

தம்பியையும் கோபிக்க வேண்டாம். குற்றச்சாட்டு என்ற பொருளுக்குப் பிரெஞ்சில் பொதுவாக வேறு சொற்கள் இருக்கின்றன. ஆனால் அரசுத் தரப்புச் சாட்சியை மட்டும் ‘தெமுவேன் ஆ ஷார்ஜ்’ என்பார்கள், எதிரிக்குப் பாரமான சாட்சி. அந்த வாடை அவனுக்கு எங்கிருந்தோ அடித்திருக்கலாம். வாடகைச் சீட்டில் ‘ஷார்ஜ்’ என்றால் வாடகைக்கு மேல் வரும் பராமரிப்புச் செலவு, பாரீசில் டாக்சி மீட்டரில் ‘ப்ரீஸ் ஆன் ஷார்ஜ்’ என்றால் ஏறி அமர்ந்தவுடன் விழும் தொடக்கக் கட்டணம். ஆங்கிலச் சார்ஜைக் கையில் வைத்துக்கொண்டு பிரெஞ்சு ஷார்ஜைத் திறக்காதீர்கள்.

அவரே மீண்டும்: பாட்டி சாப்பிட்டுவிட்டார். ஒரு கொள்ளுப்பேத்தி அவருடன்தான் இருக்கிறாள், அவளை எழுதலாமா என்று கேட்கிறார்.

அலுவலகத்தில் கேட்காமல் எழுத வேண்டாம் என்று சொல்லுங்கள். அன்பினால் சுமப்பது வேறு, சட்டப்படி சுமப்பது வேறு; அந்தக் கட்டம் இரண்டாவதைத்தான் கேட்கிறது.

நெய்வேலியிலிருந்து மூன்றாம் முறை: கடைசியாக ஒன்று. ‘சார்ஜ்’ என்றால் என்ன?

வாக்கியம் எங்கே, ஐயா?