நீரில் இறங்கும் விமானங்கள்: குமரி வாசகர்களின் கேள்விகளும் பதில்களும்

மாலத்தீவில் கடல் விமானங்களைப் பராமரிக்கும் பிரிவில் நான் வேலை பார்த்ததைச் சென்ற இதழில் ஒரு பதிலில் குறிப்பிட்டிருந்தேன். அதைப் பிடித்துக்கொண்டு குமரி மாவட்டத்திலிருந்து கடிதங்கள் வந்திருக்கின்றன. எனக்கு மிகவும் பிடித்த விஷயம் என்பதால் இந்த இதழில் வேறு கேள்விகளை எடுத்துக்கொள்ளவில்லை.

மிதவை விமானம், பறக்கும் படகு என்று இரண்டு பெயர் சொல்கிறார்களே, இரண்டும் ஒன்றா? முதலில் யார் செய்தார்கள்?
*கல்லூரி மாணவி, மார்த்தாண்டம்*

இரண்டும் வேறு, மக்களே. சாதாரண விமானத்தின் சக்கரங்களைக் கழற்றிவிட்டு, அந்த இடத்தில் நீளமான இரண்டு மிதவைகளை மாட்டினால் அது மிதவை விமானம். நான் பராமரித்த ட்வின் ஆட்டர் அந்த வகை. பறக்கும் படகுக்கு உடலே படகு. வயிற்றால் தண்ணீரில் உட்காரும். இறக்கைகளின் அடியில் உள்ள சிறு மிதவைகள் அது ஒரு பக்கமாகச் சாயாமல் பார்த்துக்கொள்ளும்.

1910 மார்ச் 28 அன்று பிரான்சில் மார்செய் நகருக்குப் பக்கத்திலுள்ள ஒரு காயலிலிருந்து ஆன்றி ஃபாப்ர் தன் மிதவை விமானத்தில் எழுந்தார். முதல் பறப்பில் அரை கிலோமீட்டர்கூடப் போகவில்லை. ஆனால் தண்ணீரிலிருந்து எஞ்சின் பலத்தில் எழுந்த முதல் விமானம் அதுதான். இரண்டு ஆண்டுகள் கழித்து அமெரிக்காவில் கிளென் கர்டிஸ் விமானத்தின் உடலையே படகாக்கிக் காட்டினார்.

அதன்பிறகு எல்லாமே வேகம்தான். 1914 ஜனவரி 1 அன்று ஃபுளோரிடாவில் தாம்பா விரிகுடாவைக் கடக்கும் சேவை தொடங்கியது. கால அட்டவணை போட்டு டிக்கெட் விற்று ஓடிய முதல் விமான சேவை அது. ஓடியது ஒரு பறக்கும் படகு. முதல் பயணி ஏலத்தில் 400 டாலர் கொடுத்து இடம் பிடித்தார். பயண நேரம் 23 நிமிடம். 1919 மே மாதம் அமெரிக்கக் கடற்படையின் என்சி-4 என்ற பறக்கும் படகு இடையிடையே இறங்கி இறங்கி அட்லான்டிக்கைக் கடந்து லிஸ்பன் போய்ச் சேர்ந்தது. அந்தக் கடலை முதலில் கடந்த விமானம் அதுதான். 1929இல் ஜெர்மானியர் கிளாட் டோர்னியரின் டோ எக்ஸ், பன்னிரண்டு எஞ்சின்களோடு 169 பேரை ஏற்றிக்கொண்டு பறந்தது. அந்தக் காலத்தில் நல்ல ஓடுதளம் உள்ள ஊர்கள் குறைவு. துறைமுகமோ ஏரியோ இல்லாத பெரிய நகரமும் குறைவு. அதனால்தான் பெரிய விமானம் கட்ட நினைத்தவர்கள் எல்லாரும் தண்ணீரை நாடினார்கள்.

எங்கள் ஃபைபர் வள்ளம் வேகம் எடுப்பதற்குள்ளேயே எண்ணெயைக் குடித்துத் தீர்க்கிறது. அத்தனை டன் எடையுள்ள விமானம் தண்ணீரை விட்டு எப்படி எழுகிறது?
*மீனவர், குளச்சல்*

இதில் பாதி உங்களுக்குத் தெரிந்ததுதான், அண்ணாச்சி. எஞ்சினை முழுக்கத் திறந்ததும் அணியம் மேலே தூக்கும், பின்பக்கம் தாழும், வள்ளம் தன் அலையிலேயே திணறும். அந்தக் கட்டம் தாண்டியதும் சட்டென்று நிமிர்ந்து நீர்மேல் சறுக்கி ஓட ஆரம்பிக்கும். பறக்கும் படகுக்கும் அதே திணறல் உண்டு. அதன் எஞ்சின் பலத்துக்குப் பெரிய சோதனை அந்தச் சில விநாடிகள்தான். அதைத் தாண்டிவிட்டால் இறக்கைகள் எடையைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தங்கள் மேல் வாங்கிக்கொள்ளும்.

மீதிப் பாதிதான் கண்டுபிடிப்பு. வளைந்த அடிப்பாகத்தை ஓடும் தண்ணீர் உறிஞ்சிப் பிடித்துக்கொள்ளும். கர்டிஸின் முதல் பறக்கும் படகு எஞ்சினை எவ்வளவு முறுக்கியும் எழாமல் போனது இதனால்தான். பிறகு அடிப்பாகத்தின் நடுவில், குறுக்காக, ஒரு படி வைத்தார்கள். தண்ணீர் அந்தப் படியின் விளிம்போடு விலகிவிடும், அதற்குப் பின்னால் காற்று புகும், பிடி விடும். இன்றுவரை பறக்கும் படகு எதை எடுத்துக் கவிழ்த்துப் பார்த்தாலும் அந்தப் படி இருக்கும். நான் பராமரித்த மிதவைகளின் அடியிலும் இருந்தது. கரையேற்றிக் கழுவும்போது அந்த விளிம்பில் நசுங்கல் இருக்கிறதா என்று கையால் தடவிப் பார்ப்பேன்.

அலை இல்லாமல் கண்ணாடி போல் கிடக்கும் தண்ணீர் சுலபம் என்று நினைத்துவிடாதீர்கள். அதிலிருந்து எழுவது சிரமம். சில நேரம் முன்னால் மோட்டார் படகை ஓடவிட்டு நீரைக் கலக்கிவிடுவார்கள். இறங்குவது அதைவிடக் கஷ்டம், ஏனென்றால் நீர்மட்டம் எங்கே இருக்கிறது என்று விமானியின் கண்ணுக்குப் பிடிபடாது.

நம் பக்கத்துக் கடலில் இவை எப்போதாவது வந்ததுண்டா?
*ஓய்வுபெற்ற ஆசிரியர், இரணியல்*

வந்தது மட்டுமல்ல, யுத்த காலத்தில் தென்னிந்தியாவும் இலங்கையும் இவற்றின் முக்கியமான தளங்கள். சென்னைக்குக் குடிநீர் தரும் செங்குன்றம் ஏரியில் 1942 முதல் பிரிட்டிஷ் விமானப்படையின் கேட்டலினா பறக்கும் படகுகள் நின்றன. வங்காள விரிகுடாவில் நீர்மூழ்கிகளைத் தேடுவது அவற்றின் வேலைகளில் ஒன்று.

இலங்கையில் காலிக்குப் பக்கத்தில் கொக்கல ஏரி இருக்கிறது. கன்னியாகுமரியிலிருந்து நேர்கோட்டில் 400 கிலோமீட்டருக்குள்தான். 1942 ஏப்ரல் 4 அன்று அங்கிருந்து புறப்பட்ட ஒரு கேட்டலினா, தென்கிழக்கே வெகுதூரத்தில் ஜப்பானியப் போர்க்கப்பல் கூட்டம் இலங்கையை நோக்கி வருவதைக் கண்டது. ஓட்டியவர் கனடாக்காரர் லெனர்ட் பர்ச்சல். ரேடியோவில் செய்தி அனுப்பிக்கொண்டிருக்கும்போதே சுட்டு வீழ்த்தினார்கள். ஆனாலும் எச்சரிக்கை போய்ச் சேர்ந்துவிட்டது. மறுநாள் ஈஸ்டர் ஞாயிறு, கொழும்பில் குண்டு விழுந்தது. பர்ச்சல் பிழைத்தார், யுத்தம் முடியும்வரை ஜப்பானியரிடம் கைதியாக இருந்தார்.

எனக்கு அதைவிடப் பெரிய வியப்பு ஆஸ்திரேலிய விமான நிறுவனமான குவான்டாஸ் 1943இல் தொடங்கிய சேவை. சிங்கப்பூர் ஜப்பானியர் கையில் இருந்ததால் ஆஸ்திரேலியாவுக்கும் பிரிட்டனுக்கும் இடையிலான விமான வழி அறுந்துபோயிருந்தது. அதை ஒட்டுவதற்காக, பெர்த் நகரின் ஸ்வான் ஆற்றிலிருந்து கொக்கல ஏரிக்குக் கேட்டலினாக்களை விட்டார்கள். 5,600 கிலோமீட்டருக்கு மேல் நிற்காத பயணம், 27 முதல் 33 மணி நேரம். எரிபொருளே எடையைத் தின்றுவிட்டதால் அதிகபட்சம் மூன்று பயணிகள். எதிரி கேட்டுவிடுவான் என்று ரேடியோ பேசக் கூடாது. நட்சத்திரங்களைப் பார்த்தே வழி கண்டார்கள். ஒரே பயணத்தில் இரண்டு முறை சூரியன் உதிப்பதைப் பார்க்கலாம் என்பதால் 'இரட்டைச் சூரியோதயம்' என்று அந்தச் சேவைக்குப் பெயரே வந்தது. ஜிபிஎஸ் கையிலிருந்தும் தடுமாறும் நாம், நட்சத்திரத்தின் உயரக் கோணத்தை அளக்கும் செக்ஸ்டன்ட் கருவியோடும் கடிகாரத்தோடும் இந்தியப் பெருங்கடலைக் கடந்த அந்த வழிகாட்டிகளை நினைத்துப் பார்க்க வேண்டும்.

தூத்தூர், வள்ளவிளைப் பக்கத்து ஆழ்கடல் மீனவர்களுக்கு டீகோ கார்சியா தீவின் பெயர் நன்றாகத் தெரியும். அங்கேயும் கேட்டலினா தளம் இருந்தது. 1944இல் புயல் கரைமேல் தூக்கிப் போட்ட ஒரு கேட்டலினாவின் உடல் அந்தத் தீவில் வெகுகாலம் கிடந்தது.

இவ்வளவு பெருமை இருந்தும் ஏன் மறைந்துபோயின?
*வாசகர், தக்கலை*

யுத்தம் உலகம் முழுக்கக் கான்கிரீட் ஓடுதளங்களை விட்டுச் சென்றது. நீண்ட தூரம் பறக்கும் தரை விமானங்களும் வந்துவிட்டன. படகு உடல் காற்றில் கூடுதல் தடை. அதனால் வேகம் குறையும், செலவு கூடும். பிரிட்டனின் பிஓஏசி விமான நிறுவனம் 1950இல் தன் பறக்கும் படகுகளை நிறுத்தியது. 1952இல் பறந்த பிரின்சஸ் என்ற பிரம்மாண்டமான பறக்கும் படகை மூன்று கட்டினார்கள், பறந்தது ஒன்றுதான், எந்த நிறுவனத்தின் சேவையிலும் அது ஓடவில்லை.

புத்தகங்களில் இவ்வளவுதான் இருக்கும். வேலை பார்த்தவனாக நான் சேர்ப்பது உப்பு. மிதவை பல அறைகளாகப் பிரிக்கப்பட்டிருக்கும். ஒவ்வோர் அறைக்கும் மேலே ஒரு துளை, அதை அடைக்க ஒரு ரப்பர் பந்து. விடியற்காலையில் பந்தை எடுத்துவிட்டு, கைப்பம்பைச் செருகி, உள்ளே கசிந்த தண்ணீரை இறைப்போம். எந்த அறையில் வழக்கத்துக்கு மேல் தண்ணீர் வருகிறதோ அங்கே ஒரு ரிவெட் தளர்ந்திருக்கிறது என்று அர்த்தம். மாலையில் கடைசிப் பறப்பு முடிந்ததும் எஞ்சினுக்குள் நல்ல தண்ணீர் விட்டுக் கழுவ வேண்டும். ஒரு நாள் விட்டாலும் உப்பு தன் வேலையைத் தொடங்கிவிடும். ஓடுதளத்தில் நிற்கும் விமானத்துக்கு இந்த வேலைகள் கிடையாது. இந்தச் செலவைக் கணக்குப் போட்ட எந்த விமான நிறுவனமும் தரைக்கே போயிருக்கும்.

பேச்சிப்பாறையிலோ மணக்குடியிலோ சுற்றுலாவுக்குக் கடல் விமானம் விட்டால் என்ன?
*வாசகர், நாகர்கோவில்*

அந்தமானிலும் குஜராத்திலும் தொடங்கியவை நிலைக்கவில்லை. கேரளத்தில் 2013இல் மீனவர்களிடம் பேசாமல் காயலில் இறக்கப் பார்த்தார்கள், அவர்கள் எதிர்த்தார்கள், நின்றது. 2024 நவம்பரில் கொச்சியிலிருந்து மாட்டுப்பெட்டி அணைக்கு ஒரு ட்வின் ஆட்டர் சோதனையாகப் பறந்தது. மணக்குடி வேண்டாம் என்பதே என் கருத்து. அங்கே வலை போடுகிறவர்கள் இருக்கிறார்கள், அலையாத்தி மரங்களும் நீர்ப்பறவைகளும் இருக்கின்றன. பறவைக் கூட்டம் விமானத்துக்கும் ஆபத்து. பேச்சிப்பாறையில் தண்ணீர்ப் பரப்பு போதும். ஆனால் சுற்றிலும் மலை, நீர்மட்டமும் பருவத்துக்குப் பருவம் ஏறி இறங்கும்.

ஒக்கி புயலில் எங்கள் ஆட்கள் நாள் கணக்கில் தண்ணீரில் மிதந்தார்கள். இப்படி ஒரு விமானம் இருந்திருந்தால் காப்பாற்றியிருக்க முடியுமா?
*மீனவர், சின்னத்துறை*

இந்தக் கடிதத்தைப் படித்துவிட்டு வெகுநேரம் வேறு வேலை ஓடவில்லை. நேராகவே சொல்கிறேன்: சிலரையாவது காப்பாற்றியிருக்க முடியும்.

2017 நவம்பர் 30 அன்று குமரிக் கடலில் புயல் அடித்தபோது எந்தப் பறக்கும் படகும் அந்தக் கடலில் இறங்கியிருக்காது. நான் சொல்வது அதற்கடுத்த நாட்களை. கரையிலிருந்து தூரம் கூடக் கூட, ஹெலிகாப்டருக்கு அங்கே நின்று தேடும் நேரம் குறையும். உங்கள் படகுகள் போகும் ஆழ்கடலுக்கு அது எட்டாது. கடலோரக் காவல்படையிடம் உள்ள டோர்னியர் விமானம் எட்டும், ஆனால் மேலிருந்து பார்க்கலாம், ஆளைத் தூக்க முடியாது. பறக்கும் படகுகளில் பெயர் வாங்கிய டோர்னியரின் பெயரைத் தாங்கிய அந்த விமானம் தண்ணீரில் இறங்காது என்பது எனக்கு எப்போதும் உறுத்தும்.

ஜப்பானின் யுஎஸ்-2 இதற்கென்றே கட்டப்பட்டது. நான்கு எஞ்சின்கள் பறப்பதற்கு. ஐந்தாவதாக ஒன்று, இறக்கையின் மடல்கள் போன்ற பாகங்கள் மேல் காற்றை வீசுவதற்கு மட்டும். அதனால் மிகக் குறைந்த வேகத்தில், முந்நூறு மீட்டர் அளவு தூரத்துக்குள், மூன்று மீட்டர் அலையிலும் இறங்கும். சுமார் 4,700 கிலோமீட்டர் பறக்கும். 2013 ஜூனில், ஜப்பான் கரையிலிருந்து ஏறத்தாழ 1,200 கிலோமீட்டர் தூரத்தில் பாய்மரப் படகு மூழ்கி ரப்பர் மிதவையில் தத்தளித்த இருவரை அது இறங்கி ஏற்றி வந்தது. அந்த இருவரில் ஒருவர் பார்வையற்றவர். இந்த விமானத்தை இந்தியா வாங்குவது பற்றிப் பல ஆண்டுகள் பேச்சு நடந்தது, விமானம் வரவில்லை. விலை அதிகம் என்பது உண்மைதான். ஆனால் மேற்கே அரபிக்கடல், தெற்கே இந்தியப் பெருங்கடல், கிழக்கே வங்கக் கடல் என்று மூன்று பக்கமும் ஆள் அனுப்பும் நாடு, ஒன்றிரண்டையாவது தெற்கே நிறுத்த வேண்டும் என்றே நான் கேட்பேன். உங்கள் சங்கங்களும் இதை எழுத்தில் கேட்க வேண்டும்.

ஒன்று மட்டும் இப்போதே உங்கள் கையில் இருக்கிறது. எந்த விமானம் வந்தாலும் முதலில் இடம் தெரிய வேண்டும். கடலில் ஒரு தலை, ஆயிரம் அடி உயரத்திலிருந்து பார்த்தால் கண்ணுக்குத் தட்டுப்படாது. படகில் அவசரச் சமிக்ஞைக் கருவி இருந்தால், துறையை விட்டுக் கிளம்புமுன் அதன் பேட்டரியைப் பாருங்கள். அதை வீல்ஹவுஸுக்குள் பூட்டி வைக்காதீர்கள். படகு கவிழ்ந்தாலும் கைக்கு எட்டும் இடத்தில் கட்டி வையுங்கள். படகு எண்ணையும் ஏறிய ஆட்களின் பெயர்களையும் கரையில் ஒருவரிடம் எழுதிக் கொடுத்துவிட்டுப் போங்கள்.