வள்ளியின் நிறம்: ஓவியக் கேள்வி பதில்

சென்ற இதழில் ஒரு பதிலின் நடுவே, கரீபியன் கடலில் உள்ள செயிண்ட் லூசியாத் தீவின் ஓவியர் டன்ஸ்டன் செயிண்ட் ஓமரின் பெயரைப் போகிறபோக்கில் குறிப்பிட்டிருந்தேன். அந்த ஒற்றை வரியைப் பிடித்துக்கொண்டு வேலூர், குடியாத்தம், ஆரணிப் பக்கங்களிலிருந்து கடிதங்கள் கட்டாக வந்து சேர்ந்துவிட்டன. ஆகவே இந்த முறை முழுப் பகுதியும் அவருக்கே.

அவர் எப்படிப்பட்ட சூழலில் வளர்ந்தார்? அவருக்கு ஓவியம் கற்றுக்கொடுத்தவர் யார்?
காட்பாடி வாசகர்

டன்ஸ்டன் செயிண்ட் ஓமர் 1927 அக்டோபர் 24 அன்று தீவின் தலைநகரான காஸ்ட்ரீஸில் கத்தோலிக்கக் குடும்பமொன்றில் பிறந்தார். தீவின் பரப்பு 617 சதுர கிலோமீட்டர்தான். நம் பழைய வடாற்காடு மாவட்டத்தின் ஒரு மூலையில் அடங்கிவிடும். பிரெஞ்சுக்காரரும் ஆங்கிலேயரும் மாறி மாறிப் பிடித்து, 1814இல் ஆங்கிலேயர் கையில் நிலைபெற்ற அத்தீவில் அலுவலக மொழி ஆங்கிலம், வீட்டிலும் சந்தையிலும் பேசுவது பிரெஞ்சின் சாயல் கொண்ட கிரியோல். ஓவியக் கல்லூரி என்று ஒன்று அன்று அங்கே கிடையாது.

அந்தக் குறையை ஒரு தனிமனிதர் நிரப்பினார். ஹெரால்ட் சிம்மன்ஸ் என்ற அவர் ஓவியர். அதோடு தீவின் நாட்டார் பாடல்களையும் வழக்கங்களையும் தேடித் தொகுத்தவர். தம் ஓவியக் கூடத்தை இரண்டு பையன்களுக்குத் திறந்துவிட்டார். ஒருவர் செயிண்ட் ஓமர். மற்றவர் பின்னாளில் 1992இல் இலக்கியத்துக்கான நோபல் பரிசு பெற்ற கவிஞர் டெரக் வால்காட். நண்பர்கள் இருவரும் 1950இல் காஸ்ட்ரீஸில் தம் ஓவியங்களைச் சேர்த்துக் காட்சிக்கு வைத்தார்கள். 1973இல் வெளிவந்த தம் நீள்கவிதையில் வால்காட் இந்த நண்பரையே கிரிகோரியஸ் என்ற பெயரில் பாத்திரமாக்கினார். தீவின் ஓடைகளையும் கரைகளையும் வண்ணத்திலும் சொல்லிலும் பதிக்காமல் ஊரைவிட்டுப் போவதில்லை என்று இருவரும் சத்தியம் செய்ததாக அதில் வருகிறது. வால்காட் படிப்புக்காக ஜமைக்கா போய், பிறகு டிரினிடாடிலும் அமெரிக்காவிலும் பல காலம் வாழ்ந்தார். தங்கியவர் செயிண்ட் ஓமர்தான்.

அந்நாட்டுக் கொடியை அவர் வரைந்தார் என்பது உண்மையா?
ஆரணி மாணவர்

உண்மை. 1967இல் தீவுக்கு உள்நாட்டுத் தன்னாட்சி கிடைத்தபோது ஏற்கப்பட்ட கொடி அவருடைய வடிவமைப்பு. 1979இல் முழு விடுதலை பெற்ற பிறகும் சிறு திருத்தங்களோடு அதுவே நீடிக்கிறது. நீலப் பரப்பின் நடுவே வெள்ளை விளிம்பு கொண்ட கறுப்பு முக்கோணம், அதன் அடியில் மஞ்சள் முக்கோணம். நீலம் வானும் கடலும், மஞ்சள் வெயில், கறுப்பும் வெள்ளையும் சேர்ந்து வாழும் இரு இனத்தார். முக்கோணம் தீவின் தென்மேற்குக் கரையில் கூம்பாக எழும் பிட்டன் மலைகளைக் குறிக்கும். அந்த இரு மலைகளும் 700 மீட்டருக்கு மேல் உயரமானவை. கொடி வரையச் சொன்னால் பலர் சிங்கத்தையோ கழுகையோ தேடுவார்கள். இவர் ஊர் மலையைப் பார்த்தார்.

இயேசுவைக் கறுப்பராக வரைந்தாராமே! அது கலகத்துக்காகவா, பக்தியினாலா?
பொன்னை வாசகி

இரண்டையும் பிரிக்க முடியும் என்று எனக்குத் தோன்றவில்லை. காஸ்ட்ரீஸுக்குத் தெற்கே ரோஸோ பள்ளத்தாக்கில் ஜாக்மெல் என்ற சிற்றூர் இருக்கிறது. கரும்புக்குப் பின் வாழை விளைந்த பூமி. அவ்வூர்த் தேவாலயத்தின் பலிபீடச் சுவரில் அவர் 1973இல் திருக்குடும்பத்தை வரைந்தார். மரியாளும் குழந்தையும் சூசையப்பரும் கறுப்பு நிறத்தவர். அவர்களைச் சுற்றி இருப்பவர்களும் வானதூதர்கள் அல்லர். அந்தப் பள்ளத்தாக்கின் உழைப்பாளிகள், ஆடுபவர்கள், இசைப்பவர்கள். ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு வந்து முழங்காலிட்டவர் நிமிர்ந்து பார்த்தால், சுவரில் இருந்தது அவரவர் அண்டைவீட்டு முகம். அந்தச் சுவரைப் பற்றி வால்காட் கவிதையே எழுதினார்.

நீங்கள் பொன்னையிலிருந்து கேட்டிருப்பதால் பக்கத்திலிருக்கும் வள்ளிமலையைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. தினைப்புனத்தில் பரண் மீது நின்று, கவண்கல் எறிந்து, வெயிலில் கிளி ஓட்டிய வேடர்குலப் பெண் வள்ளி. ஆடிக் கிருத்திகைக்கு மலையடிவாரக் கடைகளில் விற்கும் படங்களைப் பாருங்கள். வெயிலே படாத ரோஜா நிறத்தில், பவுடர் பூசிய கன்னத்தோடு நிற்கிறாள். படத்தை வரைந்தவருக்கும் வாங்குபவருக்கும் அந்த நிறம் இல்லை. நமக்கு அது உறுத்துவதும் இல்லை. ஜாக்மெல் மக்களும் அதுவரை அப்படித்தான் வெள்ளை முகங்களை வணங்கிக்கொண்டிருந்தார்கள்.

பிறகு வேறு ஊர்த் தேவாலயங்களிலும் அவருக்குச் சுவர்கள் கிடைத்தன. 1986 ஜூலையில் போப் இரண்டாம் ஜான் பால் தீவுக்கு வருவதை முன்னிட்டு, காஸ்ட்ரீஸ் பேராலயத்தின் உட்புறத்தை அவர் 1985இல் வரைந்து முடித்தார். கலகம் என்று ஒதுக்கியிருந்தால் பேராலயத்தையே அவர் கையில் கொடுத்திருப்பார்களா?

நம் பக்கத்து மக்கள் அந்தத் தீவில் இருக்கிறார்களா?
வேலூர்க் கல்லூரி மாணவர்

செயிண்ட் லூசியாவுக்கு 1859இல் முதல் ஒப்பந்தக் கூலிகள் வந்தார்கள். பெரும்பாலோர் கல்கத்தா வழியே வந்த வட இந்தியர். வடாற்காட்டார் அதிகம் போனது தென்னாப்பிரிக்காவின் நேட்டாலுக்கு. ஆனால் செயிண்ட் லூசியாவுக்கு அடுத்து வடக்கே இருக்கும் பிரெஞ்சுத் தீவான மார்டினிக்கில், புதுச்சேரி, காரைக்கால் துறைகளிலிருந்து போன தமிழர் வழியினர் இன்றும் மாரியம்மனைக் கும்பிடுகிறார்கள்.

நான் பகுதிநேர ஓவிய ஆசிரியர். 'வாத்தியார் வேலை பார்த்தால் ஓவியன் ஆக முடியாது' என்கிறார் நண்பர். செயிண்ட் ஓமர் என்ன செய்தார்?
வாலாஜாபேட்டை வாசகர்

அவரும் வாத்தியார்தான் என்று நண்பரிடம் சொல்லுங்கள். 1970களின் தொடக்கத்திலிருந்து அவர் செயிண்ட் லூசியாவின் கல்வித் துறையில் ஓவியப் பயிற்சிக்குப் பொறுப்பேற்று, பள்ளிகளில் ஓவியத்தை ஒரு பாடமாக ஊன்றச் செய்தார். ஜாக்மெல் சுவர் அந்தப் பணிக்காலத்தில் வரையப்பட்டது என்பதைக் கவனியுங்கள். அவருடைய பிள்ளைகளில் சிலரும் ஓவியர்களாகித் தந்தையோடு சுவர்களில் வேலை செய்தார்கள். 2004இல் தீவின் உயர் விருதான செயிண்ட் லூசியா சிலுவையும், 2010இல் 'சர்' பட்டமும் அவரைத் தேடி வந்தன. 2015 மே 5 அன்று, 87 வயதில் காலமானார்.

நானும் இருபத்தேழு ஆண்டுகள் ஓவிய ஆசிரியராக இருந்தவன். ஓவிய வகுப்பைக் கணக்கு வாத்தியார் கடன் கேட்பதும், அந்தக் கடன் திரும்பாததும் எனக்குத் தெரியாததா? நான் வரையாமல் போன நாள்களுக்கு வேலையைக் காரணம் காட்டியதுண்டு. பெரும்பாலும் காரணம் சோம்பல்தான்.

என் ஆறாம் வகுப்புப் பிள்ளைகள் யாரை வரைந்தாலும் கிரேயான் பெட்டியிலிருந்து இளஞ்சிவப்புக் குச்சியை எடுத்து 'ஸ்கின் கலர்' என்று பூசுகிறார்கள். எப்படி மாற்றுவது?
குடியாத்தம் ஓவிய ஆசிரியை

வந்த கடிதங்களில் என்னை நெடுநேரம் உட்கார வைத்தது உங்களுடையதுதான், அம்மா. செயிண்ட் ஓமர் தம் பாணிக்குப் 'பிரிஸ்மிசம்' என்று பெயர் வைத்தார். உருவங்களைக் கோணக் கட்டங்களாக உடைத்து வரையும் கியூபிசத்திலிருந்து கிளைத்த அந்தப் பாணியில், பட்டகத்தின் (பிரிஸம்) வழியே போகும் ஒளி பல நிறங்களாகப் பிரிவதுபோல, வடிவம் வண்ணக் கட்டங்களாக உடைகிறது. உங்கள் வகுப்புக்கு உதவும் குறிப்பு இதில் இருக்கிறது. கரிய தோலை வரையப் பழுப்போடு கறுப்பைக் கலப்பது பிள்ளைகளின் வழக்கம். முகம் அடுப்புக்கரி போல உயிரற்றுப் போகும், பயந்துபோய் மறுபடி இளஞ்சிவப்புக்கு ஓடிவிடுவார்கள்.

கறுப்புக் குச்சியை ஒரு வகுப்புக்கு வாங்கி மேசையில் வைத்துக்கொள்ளுங்கள். முதலில் நிழல் விழும் இடங்களில், தாடைக்கடியிலும் மூக்கின் ஒரு பக்கத்திலும், அடர்நீலத்தை மெல்லப் பூசச் சொல்லுங்கள். அதன் மேல் முகம் முழுவதும் பழுப்பு. பிறகு வெளிச்சம் படும் நெற்றியிலும் கன்ன எலும்பிலும் ஆரஞ்சை அழுத்தித் தேய்த்தால், முகம் எண்ணெய் தடவியதுபோல மினுங்கும். பெஞ்சில் பக்கத்தில் இருப்பவரின் புறங்கையைச் சன்னலோரம் வைத்து, அதில் எத்தனை நிறம் தெரிகிறது என்று முன்கூட்டியே எண்ணிப் பார்க்கச் சொன்னால் இன்னும் நல்லது.

கை பழகியதும் வள்ளியை வரையச் சொல்லுங்கள். பரணும் கவணும் மறக்க வேண்டாம். வந்த படங்களில் ஐந்தாறை இதழ் முகவரிக்கு அனுப்பினால், இடம் கேட்டு வாங்கி வண்ணத்தில் அச்சிடுவது என் பொறுப்பு.