அட்டாலியில் இருக்கும் கணினி: கடிதமும் பதிலும்

வணக்கம் ஐயா,

திருப்பூரில் எம்பிராய்டரி ஜாப் ஒர்க் செய்து வருகிறேன். தொழில் தொடங்கிய காலத்தில் வாங்கிய பென்டியம் 4 கணினி, அதனுடைய டப்பா மானிட்டர், ஒரு டாட் மேட்ரிக்ஸ் பிரிண்டர், பெட்டி நிறைய ஃப்ளாப்பிகள், இரண்டு சி.டி.எம்.ஏ. கைப்பேசிகள் ஆகியவை வீட்டு அட்டாலியில் (பரணில்) இருக்கின்றன. ஃப்ளாப்பிகளில் பழைய டிசைன்களும், காலமான என் அப்பா தட்டச்சு செய்துவைத்த எங்கள் குலதெய்வக் கோயில் வரிப் பட்டியலும் உள்ளன. பொங்கல் நோம்பிக்கு வெள்ளையடிக்கும்போதெல்லாம் என் மகன், "இதையெல்லாம் பழைய இரும்புக் கடையில் போட்டுவிடலாம் அப்பா" என்கிறான். எனக்கு மனம் வருவதில்லை. நல்ல விலை கொடுத்து வாங்கியவை. இன்னும் ஓடும் என்றே நினைக்கிறேன். நான் செய்வது கஞ்சத்தனமா, வெறும் பற்றா, அல்லது இதில் ஏதேனும் நியாயம் உண்டா?

செ., திருப்பூர்

அன்புள்ள செ.,

கஞ்சத்தனம் என்று சொல்ல மாட்டேன். கிணற்று மோட்டார் எரிந்துபோனால் காயில் கட்டி மறுபடியும் இறக்குவதே வழக்கமாக உள்ள ஊர்க்காரர் ஒருவருக்கு, ஓடக்கூடிய பொருளை எடைக்குப் போட மனம் வராததில் வியப்பில்லை. ஆனால் அந்த மோட்டார் பட்டறைக்குப் போய்த் திரும்பிக் கிணற்றுக்குள் இறங்குகிறது, உங்கள் கணினியோ அட்டாலிக்கு ஏறியதோடு சரி. வைத்திருப்பது என்பதற்கு ஓட்டிக்கொண்டிருப்பது என்றுதான் நான் பொருள் கொள்கிறேன். இயக்காமல் மூலையில் போட்டுவைப்பது, அந்தப் பொருளை மெதுவாகத் தூக்கி எறிவதற்கு ஒப்பானது.

"இன்னும் ஓடும் என்றே நினைக்கிறேன்" என்று எழுதியிருக்கிறீர்கள். கடைசியாக அதற்கு மின்சாரம் கொடுத்தது எப்போது? கேபினட்டின் பக்கவாட்டுத் தகட்டைக் கழற்றி மதர் போர்டைப் பாருங்கள். ப்ராசஸரைச் சுற்றி வரிசையாக நிற்கும் சிறு உருளைகள்தான் மின்தேக்கிகள்; நம் பட்டறைகளில் கண்டன்சர் என்பார்கள். அவற்றின் தலை தட்டையாக இருக்க வேண்டும். மேடாக உப்பியிருந்தாலோ, உச்சியில் வெட்டப்பட்ட கோட்டின் வழியே பழுப்பு நிறத்தில் ஏதேனும் கசிந்து உலர்ந்திருந்தாலோ, மின்சாரம் கொடுக்க வேண்டாம். 2000-களின் தொடக்கத்தில் வந்த மதர் போர்டுகள் பலவற்றில் தரக்குறைவான மின்தேக்கிகள் பொருத்தப்பட்டிருந்தன. சித்திரை வெயிலில் கான்கிரீட் கூரைக்குக் கீழே கிடந்தால் நல்ல மின்தேக்கியும் உள்ளே உலரத்தான் செய்யும். டிவி பழுது பார்ப்பவர் ஒருவரே அவற்றை மாற்றிக் கொடுத்துவிடுவார். பக்கத்தில் இருக்கும் நாணய வடிவ 3 வோல்ட் பேட்டரி தீர்ந்திருக்கும்; அதனால் தேதி தவறாகக் காட்டும் என்பது தவிரப் பெரிய கேடு இல்லை, புதிதாக ஒன்று போட்டுக்கொள்ளலாம்.

இவ்வளவு மெனக்கெட அந்தக் கணினி தகுதியானதா என்று உங்கள் மகன் கேட்பார். உங்களிடம் உள்ளவற்றில் கட்டாயம் வைத்திருக்க வேண்டியது அது ஒன்றுதான். வேகத்தையோ விலையையோ வைத்து நான் இதைச் சொல்லவில்லை; அதற்குள் மதர் போர்டோடு நேரடியாக 34 முனைக் கேபிளில் இணைக்கப்பட்ட ஃப்ளாப்பி டிரைவ் இருக்கிறது. இன்று யு.எஸ்.பி. வழியாகச் செருகும் ஃப்ளாப்பி டிரைவ்கள் கிடைக்கின்றன என்றாலும், அவை டாஸ் முறையில் எழுதப்பட்ட வழக்கமான 1.44 எம்.பி. வட்டுகளையே பெரும்பாலும் படிக்கும். பழைய எம்பிராய்டரி இயந்திரங்கள் சில, தமக்கே உரிய முறையில் ஃப்ளாப்பியை வகுத்து எழுதின; அவற்றைப் புதிய மடிக்கணினியில் செருகினால், வட்டு ஃபார்மேட் செய்யப்படவில்லை, இப்போது செய்யட்டுமா என்றுதான் கேட்கும். அந்தக் கேள்விக்கு அவசரத்தில் சம்மதம் சொல்லிவிட்டால் டிசைன் போய்விடும். பழைய டிரைவும் பழைய போர்டும் இருந்தால், தகுந்த மென்பொருளைக் கொண்டு அத்தகைய வட்டுகளையும் படித்து எடுக்க வழியுண்டு.

டிசைன்களைப் பற்றி இன்னொன்றும் சொல்ல வேண்டும், இது உங்களுக்கே தெரிந்திருக்கலாம். இயந்திரத்துக்குப் போகும் டி.எஸ்.டி. கோப்பில், ஊசி ஒவ்வொரு குத்துக்கும் எந்தப் பக்கம் எவ்வளவு நகர வேண்டும் என்பது மில்லிமீட்டரில் பத்தில் ஒரு பங்கு அளவில் எழுதப்பட்டிருக்கும். நூல் மாற்ற எங்கே நிறுத்த வேண்டும் என்பது இருக்கும், என்ன நிறம் என்பது இராது. அதைக் கொண்டு அதே டிசைனை மறுபடி ஓட்டலாமே தவிர, பெரிதாக்கவோ ஓர் இலையை மட்டும் மாற்றவோ நினைத்தால் தையல் அடர்த்தி கெடும். அதற்குப் பஞ்சிங் (படத்தைத் தையல் குத்துகளாக மாற்றும் வேலை) செய்த மென்பொருளின் மூலக் கோப்பு தேவை. அந்த மென்பொருள் அந்தக் காலத்தில் பிரிண்டர் போர்ட்டில் செருகிய ஒரு டாங்கிள், அதாவது சாவி போன்ற ஒரு சிறு கருவி, இருந்தால்தான் திறக்கும். புதிய கணினிகளில் அந்த 25 துளை போர்ட்டே கிடையாது, பிரிண்டருக்காக விற்கும் யு.எஸ்.பி. மாற்றிகளில் டாங்கிள் பெரும்பாலும் வேலை செய்வதில்லை. கட்டைவிரல் அளவுள்ள அந்தப் பிளாஸ்டிக் துண்டு கணினியின் பின்புறம் இன்னும் செருகியிருக்கிறதா என்று முதலில் பாருங்கள். கேபினட்டோடு சேர்த்து இரும்புக் கடைக்குப் போயிருந்தால், பணம் கட்டிப் பஞ்சிங் செய்த டிசைன்களைத் திருத்தும் வழியும் அதோடு போயிருக்கும்.

ஃப்ளாப்பியை டிரைவில் போடுவதற்கு முன், தகட்டு மூடியை விரலால் நகர்த்தி உள்ளே உள்ள பழுப்பு வட்டைச் சுற்றிப் பாருங்கள். வெண்ணிறப் புள்ளிகள் தெரிந்தால் அது பூஞ்சை. அப்படியே போட்டால் டிரைவின் தலையில் ஒட்டிக்கொண்டு அடுத்த வட்டுகளையும் கீறிவிடும். நல்லவற்றை முதலில் நகல் எடுத்துக்கொண்டு, பூஞ்சை பிடித்தவற்றைக் கடைசிக்கு ஒதுக்குங்கள். சோனி நிறுவனம் 2011 மார்ச்சோடு ஃப்ளாப்பி விற்பனையை நிறுத்திக்கொண்டது. இப்போது கடையில் கிடைப்பவை பழைய இருப்பு. தொழிலில் பழைய இயந்திரம் இன்னும் ஓடுகிறதென்றால், ஃப்ளாப்பி டிரைவ் இருந்த இடத்தில் பொருத்திப் பென் டிரைவைச் செருகும் மாற்றுப்பெட்டி கிடைக்கிறது, அதற்கு மாறிக்கொள்ளுங்கள்.

அப்பாவின் வரிப் பட்டியல்தான் எனக்கு எல்லாவற்றிலும் முக்கியமாகப் படுகிறது. டிசைனை மறுபடி பஞ்சிங் செய்துவிடலாம், எந்தக் குடும்பம் எந்த வருடத்தில் கோயிலுக்கு எவ்வளவு வரி கட்டியது என்பதை இனி யார் நினைவிலிருந்து எழுதுவார்கள்? இங்கே ஒரு சிக்கல் உண்டு. 1990-களிலும் அதற்குப் பின்னும் தமிழ் எழுத்துரு ஒவ்வொன்றும் தனக்கென ஒரு குறியீட்டு முறை வைத்திருந்தது. 1999-இல் சென்னையில் நடந்த தமிழ்நெட் மாநாட்டையொட்டி டாம், டாப் என்ற இரு முறைகள் தரப்படுத்தப்பட்டன. எல்லா மொழிகளுக்கும் பொதுவான குறியீட்டு முறையான யூனிகோடைத் தமிழக அரசு ஏற்று ஆணையிட்டது, கோவையில் செம்மொழி மாநாடு நடந்த 2010 ஜூனில்தான். ஆகவே கோப்பை மட்டும் நகல் எடுத்துப் புதிய கணினியில் திறந்தால், குறிகள் ஏறிய ஐரோப்பிய எழுத்துகளாகவே தெரியும். பழைய கணினியின் ஃபாண்ட்ஸ் கோப்புறையில் உள்ள எழுத்துருக்களையும் சேர்த்து நகல் எடுங்கள். புகழ்பெற்ற எழுத்துரு என்றால் யூனிகோடுக்கு மாற்றும் செயலிகள் இணையத்தில் இலவசமாக உள்ளன. யாரோ ஒரு அச்சக்காரர் உருவாக்கிய தனி எழுத்துரு என்றால், அந்த எழுத்துருக் கோப்பைப் பார்த்துத்தான் மாற்றுப் பட்டியல் தயாரிக்க முடியும். முடிந்தபின் ஒரு பிரதி தாளிலும் அச்சிட்டு, கோயில் காரியங்களைப் பார்க்கும் பங்காளிகளிடம் கொடுத்துவிடுங்கள்.

அந்தக் கணினியில் அநேகமாக விண்டோஸ் எக்ஸ்பி இருக்கும். அதற்கான பாதுகாப்புத் திருத்தங்கள் 2014 ஏப்ரல் 8-ஆம் தேதியோடு நின்றுவிட்டன என்பதால் இணையக் கம்பியைச் செருகவே வேண்டாம். தினசரி வேலைக்கும் அது ஏற்றதல்ல; பென்டியம் 4 ப்ராசஸர் மட்டுமே, வகையைப் பொறுத்து, ஏறத்தாழ 50 முதல் 115 வாட் வரை வெப்பமாக வெளிவிடும். அட்டாலியிலிருந்து இறக்கி, ஜாப் ஒர்க் நடக்கும் இடத்திலேயே வைத்து, அவ்வப்போது இயக்குங்கள்.

மானிட்டருக்கு நீங்கள் கொடுத்த விலை அதிகமாக இருந்திருக்கும், ஆனால் அதை வைத்திருக்க எந்தக் காரணமும் இல்லை. வி.ஜி.ஏ. துளை உள்ள எந்தத் தட்டைத் திரையும் அந்தக் கணினிக்குப் போதும். டாட் மேட்ரிக்ஸ் பிரிண்டரைப் பழசு என்றே நான் ஏற்க மாட்டேன்: ஊசி தாளைத் தட்டி அச்சிடுவதால் ஒரே அடியில் கார்பன் நகல்களும் விழும், லேசரிலும் இன்க்ஜெட்டிலும் அது நடக்காது. உங்களுக்குத் தேவையில்லை என்றால் நாமக்கல், சங்ககிரிப் பக்கம் லாரி புக்கிங் ஆபீஸ் வைத்திருக்கும் ஒருவருக்குக் கொடுங்கள், ரிப்பன் மாற்றி ஓட்டிக்கொள்வார். சி.டி.எம்.ஏ. கைப்பேசிகளுக்குப் பேசுவதற்கு இன்று நாட்டில் சேவையே இல்லை. அவற்றில் பதிந்துவைத்த எண்களை எழுதி எடுத்துக்கொண்டு, பேட்டரியைக் கழற்றி அனுப்பிவிடலாம்.

அனுப்புவது என்று நான் சொல்வது பழைய இரும்புக் கடைக்கு அல்ல. மானிட்டர் கண்ணாடியில் ஈயம் கலந்திருக்கிறது. கடையில் செப்புக் கம்பிச் சுருளுக்காகக் குழாயின் கழுத்தை உடைத்துவிட்டுக் கண்ணாடியைக் குப்பையில் கொட்டுவதை நாம் பார்த்திருக்கிறோம். 2023 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் உள்ள மின்னணுக் கழிவு விதிகளின்படி, பதிவு பெற்ற மறுசுழற்சி நிறுவனத்திடம்தான் அது போக வேண்டும். மகனை அந்த வேலையைப் பார்க்கச் சொல்லுங்கள். ஆனால் எந்தக் கணினியைக் கொடுப்பதாக இருந்தாலும் ஹார்டு டிஸ்க்கைக் கழற்றி உங்களிடம் வைத்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் பழைய பில்களும் வங்கிக் கணக்கு விவரங்களும் அழித்த பின்பும் அதில் படிக்கக் கிடைக்கும்.